கெமர் மொழிபெயர்ப்பு நாவல் வாங்கும் முன் இதைப் படித்துவிடுங்கள்

கம்போடியாவின் தலைநகர் புனோம் பென்னில் வேலை பார்த்துக்கொண்டே அந்நாட்டு மொழியான கெமர் கற்கும் நம் ஆட்களுக்காக எழுதுகிறேன். ஏற்கெனவே படித்து ரசித்த மாயாஜால நாவலைக் கெமரில் படித்தால், கதை தெரிந்திருப்பதால் மொழி சீக்கிரம் பிடிபடும் என்று பலரும் தேடுகிறார்கள். அப்படித் தேடுகிறவர்களைக் குறிவைத்தே டெலிகிராமில் ஒரு வியாபாரம் நடக்கிறது. எனக்கு 38 டாலர் போய்விட்டது.

உலகப் புகழ்பெற்ற ஒரு மந்திரவாதத் தொடர், மூன்று பாகம், 'மொழி கற்பவர்களுக்கான அதிகாரபூர்வ கெமர் பதிப்பு' என்று விளம்பரம். மாதிரிக்கு முதல் அத்தியாயத்தின் சில பக்கங்களை அனுப்பினார்கள். எனக்குக் கெமர் சொல்லித்தரும் ஆசிரியையிடம் காட்டினேன். நல்ல நடை, தைரியமாக வாங்கலாம் என்றார். விற்றவர் வார்த்தைக்கு வார்த்தை 'பொங், பொங்' (அண்ணா) என்று பேசினார். கியூஆர் ஸ்கேன் செய்தபோது கடைப் பெயருக்குப் பதில் ஒரு தனிநபர் பெயர் வந்தது. கேட்டதற்கு, தங்கையின் கணக்கு என்றார்.

வந்தது ஜெராக்ஸ் கடையில் பசை போட்டு ஒட்டிய கட்டு. அதைக்கூடப் பொறுத்துக்கொள்ளலாம். இரண்டாம் அத்தியாயத்திலிருந்து அத்தனையும் இயந்திர மொழிபெயர்ப்பு.

கெமரில் சாப்பிடுவதற்கு ஆளைப் பொறுத்துச் சொல் மாறும். சாதாரணமாக 'ஞாம்', பிக்குகளுக்கு 'ச்சான்', அரசருக்கு 'ஸாவோய்', விலங்குகளுக்கு 'ஸீ'. இந்தப் புத்தகத்தில் அரசர் விருந்தில் அமர்ந்து 'ஸீ' என்று சாப்பிடுகிறார். ஆசிரியை அந்த வரியைப் பார்த்ததும் புத்தகத்தை மூடி என்னிடமே தந்துவிட்டார். மாணவர்கள் தலைமையாசிரியரை 'லோக் க்ரூ' என்று அழைக்காமல், முன்பின் தெரியாதவரைக் கூப்பிடுவதுபோல் 'நெயக்' என்கிறார்கள். கதாநாயகனின் நண்பன் பெயர் மூன்று விதமான எழுத்துக்கூட்டலில் வருகிறது.

கூடவே அனுப்பிய பிடிஎஃப் கோப்பில் குட்டு முழுசாக வெளிப்பட்டது. முதல் அத்தியாயத்திலிருந்து ஒரு வரியை அகராதியில் தேடலாம் என்று நகலெடுத்தால் வெறும் ஆங்கில எழுத்துக் குப்பையாக விழுகிறது. நம் பழைய பாமினி எழுத்துருவில் அடித்ததை நகலெடுத்தால் விழுமே, அதேதான். யூனிகோடுக்கு (இப்போது எல்லாக் கணினிகளும் பயன்படுத்தும் பொது எழுத்துமுறை) முன்பு கெமரில் புழங்கிய லிமோன் போன்ற எழுத்துருக்களின் வேலை அது. இரண்டாம் அத்தியாயம் முதல் சுத்தமான யூனிகோடு. யாரோ ஒரு மொழிபெயர்ப்பாளர் எப்போதோ உழைத்துச் செய்த ஒரு அத்தியாயத்தைத் திருடி முன்னால் ஒட்டிவிட்டு, மிச்சத்தை இயந்திரத்தில் போட்டு எடுத்திருக்கிறார்கள்.

இதைக் கெமர்க்காரர் யாரிடமும் விற்க முடியாது, ஒரு பக்கத்திலேயே தூக்கி எறிவார். கற்றுக்கொள்கிறவருக்குத்தான் தப்பு தெரியாது. அவர் அந்த 'ஸீ'யை மனப்பாடம் செய்துகொண்டு போய் ஒரு பெரியவர் வீட்டில், "நீங்கள் சாப்பிட்டீர்களா?" என்று கேட்பார். பணத்தைவிட இதுதான் எனக்கு ஆறவில்லை. பணத்தைத் திருப்பிக் கேட்டேன். "அது மொழிபெயர்ப்பாளரின் பாணி" என்று பதில் வந்தது, பிறகு பிளாக்.

வாங்குகிறவர்கள் முதலில் பதிப்புரிமைப் பக்கத்தின் படத்தைக் கேளுங்கள். அதில் மொழிபெயர்ப்பாளர் பெயரும் பதிப்பகமும் கெமரில் இருக்க வேண்டும். கம்போடியாவில் பதிவான ஐஎஸ்பிஎன் எண்ணில் (புத்தகத்தின் சர்வதேச அடையாள எண்) 978க்கு அடுத்து 9924, 99950, 99963 இவற்றில் ஒன்று வரும். பழைய புத்தகங்களில் எண்ணே இல்லாமலும் இருக்கலாம், ஆனால் புதுப் பதிப்பு என்று விற்பவரிடம் எண் இல்லையென்றால் விட்டுவிடுங்கள். பணம் போகும் கணக்கின் பெயர் கடையோடு பொருந்தாவிட்டாலும் அனுப்பாதீர்கள். போன பணத்தை வங்கியில் சொல்லி வரவழைப்பது லேசில் நடக்காது. முடிந்தால் கடைக்கே போய், நடுப்பக்கத்தைப் பிரித்து, பக்கத்தில் நிற்கும் கெமர்க்காரரிடம் ஒரு பத்தி வாசிக்கச் சொல்லுங்கள்.

உரிமை பெற்று வந்த அயல்நாட்டு மாயாஜால நாவல்கள் கெமரில் கொஞ்சம்தான். அதற்காக ஏங்கிக் கிடக்க வேண்டியதில்லை. கம்போடியாவின் பௌத்த நிறுவனம் தொகுத்த கெமர் நாட்டுப்புறக் கதைத் தொகுதிகளில் பேயும் மந்திரமும் தந்திரக்கார முயலும் வேண்டிய மட்டும் உண்டு. நம் இராமாயணத்தின் கெமர் வடிவமான ரியாம்கேரின் கதையும் நமக்கு ஏற்கெனவே தெரிந்ததுதான். ஆரம்ப நிலையில் இருப்பவர்களுக்கு சிப்பார் பதிப்பகத்தின் சிறுவர் நூல்கள் நல்லவை. ஆசியா பவுண்டேஷனின் லெட்ஸ் ரீட் தளத்தில் கெமர்ச் சிறுவர் கதைகள் இலவசமாகவே கிடைக்கின்றன.

அதே விளம்பரம் இப்போது வேறு பெயரில், அதே மாதிரிப் பக்கங்களோடு மறுபடி ஓடுகிறது. உங்கள் கண்ணில் பட்டால் ஏழாம் அத்தியாயத்திலிருந்து ஒரு பக்கம் அனுப்பச் சொல்லிக் கேட்டுப் பாருங்கள்.