சத்தத்துக்கு முழு மார்க், வெற்றிக்கு ஒன்றேமுக்கால்: சீஹாக்ஸ் சீசன் டிக்கெட் அனுபவம்

சியாட்டில் பக்கம் கிர்க்லாண்டில் இருக்கும் தம்பி ஒருவன், எங்கள் ஊர் அமெரிக்கக் கால்பந்து அணியைப் பற்றிக் கேட்டிருந்தான்: "அண்ணே, சீஹாக்ஸ் சீசன் டிக்கெட் ஒரு ஜோடி கைமாறி வருது, எடுக்கலாமா?" பதில் எழுத எழுத நீண்டுகொண்டே போனது. இதே கேள்வியோடு வேறு சிலரும் சுற்றிக்கொண்டிருப்பதால் எல்லோருக்குமாகவே எழுதிவிடுகிறேன்.

அணியின் மைதானமான லூமன் ஃபீல்டில் எந்தப் பக்கம் மழை படும், பை ஏன் கண்ணாடி மாதிரி இருக்க வேண்டும், பெல்வியூவிலிருந்து பஸ்ஸில் போவது காரில் போவதைவிட ஏன் மேல் என்பதெல்லாம் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். நான் சொல்ல வந்தது ஒரே விஷயம்: 3-6.

2024 சீசனில் சீஹாக்ஸ் 10 வெற்றி, 7 தோல்வி. புதுப் பயிற்சியாளர் மைக் மெக்டொனால்டுக்கு முதல் வருடம். பீட் கேரல் 14 வருடம் உட்கார்ந்த நாற்காலி. அந்தக் கணக்கில் 10-7 மோசமில்லை என்றுதான் எல்லோரும் சொல்வார்கள். ஆனால் அதைக் கொஞ்சம் பிரித்துப் பாருங்கள். வெளியூரில் 8 ஆட்டம் ஆடி 7 வெற்றி. சொந்த மண்ணில் 9 ஆட்டம் ஆடி 3 வெற்றி, 6 தோல்வி. சீசன் டிக்கெட் என்பது அந்த 9 ஆட்டத்துக்கும், யாருமே பார்க்க விரும்பாத ஒரு ப்ரீசீசன் (சீசனுக்கு முந்தைய, கணக்கில் சேராத) ஆட்டத்துக்கும்தான். மொய் எழுதினவனுக்கு இலை போடவில்லை. கல்யாணத்துக்கே வராதவன் வீட்டுக்குக் கேரியரில் விருந்து போகிறது.

இதே அணி 2003-ல் இதை நேர்மாறாகச் செய்தது. வீட்டில் 8-0, வெளியில் 2-6. அந்த வருடமும் 10 வெற்றிதான். ஆனால் அன்றைக்கு டிக்கெட் வைத்திருந்தவர் ஒரு சீசன் முழுக்க ஜெயித்த முகத்தோடு ரயில் ஏறியிருப்பார். காசு கொடுத்துப் போகிறவன் என்ற முறையில் கேட்கிறேன், எந்த 10 வெற்றி உசத்தி?

சரி, கோபத்தை ஓரமாக வைத்துவிட்டு நல்லதைச் சொல்கிறேன். அதுவும் நிறைய இருக்கிறது.

அந்த மைதானத்தின் சத்தம் பொய்யில்லை. இருபுறமும் வளைந்து நிற்கும் கூரைகள் இருக்கைகளில் பெரும்பகுதியை மூடுகின்றன. மேலே போகும் சத்தத்தைத் திருப்பி புல்தரைக்கே அனுப்புகின்றன. வடக்குக் கோடியில் உலோகப் பலகை இருக்கைகள், அங்கே இருப்பவர்கள் வாயால் மட்டும் கத்துவதில்லை, காலாலும் கத்துகிறார்கள். 2013 டிசம்பரில் செயின்ட்ஸ் அணியோடு நடந்த திங்கட்கிழமை ஆட்டத்தில் 137.6 டெசிபல் அளந்து உலக சாதனை என்று அறிவித்தார்கள். அடுத்த வருடமே கேன்சஸ் சிட்டிக்காரர்கள் 142.2 என்று தட்டிக்கொண்டு போனது வேறு கதை. காதுக்கு அந்த வித்தியாசம் தெரியாது. இரண்டுமே வலிக்கும்.

டிவியில் தெரியாத ஒன்று உண்டு. நம் அணி பந்தோடு நிற்கும்போது மைதானம் கிட்டத்தட்ட நூலகம். எதிரணி மூன்றாவது டவுனுக்கு (10 கெஜம் முன்னேறக் கிடைக்கும் நான்கு முயற்சிகளில் மூன்றாவதுக்கு) வந்து நிற்கும்போதுதான் அது எழும். சொல்லிக் கொடுக்காமலே 68,000 பேருக்கு எப்போது வாயை மூட வேண்டும் என்று தெரிந்திருக்கிறது. முதல் தடவை போனபோது எனக்கு ஆச்சரியமே அந்த அமைதிதான், இன்றைக்கும் அதுதான். எங்கள் வரிசையில் ஒரு பாட்டி உண்டு. நம் ஆட்கள் பந்தோடு நிற்கும்போது யாராவது ஆர்வக்கோளாறில் கத்தினால் திரும்பி ஒரு பார்வை பார்ப்பார். பரீட்சை ஹாலில் கூட நான் அப்படிப் பயந்ததில்லை.

இந்தச் சத்தம் எப்படி வேலை செய்கிறது என்றால், எதிரணியின் குவார்ட்டர்பேக் (ஆட்டத்தை நடத்தி, பந்தை எறிபவர்) கொடுக்கும் குரல், அவரைக் காக்க ஓரத்தில் நிற்கும் டேக்கிளுக்குக் கேட்காது. அவர் பந்தைக் கண்ணால் பார்த்துத்தான் கிளம்ப வேண்டும். அதில் ஒரு கண்சிமிட்டல் நேரம் போய்விடும். எதிரே நிற்கும் நம் ஆள் அதற்குள் அவரைத் தாண்டியிருப்பார். முந்திக்கொள்ளலாம் என்று அவர் சீக்கிரம் அசைந்தால் ஃபால்ஸ் ஸ்டார்ட், 5 கெஜம் பின்னால். 2005 நவம்பரில் நியூயார்க் ஜயன்ட்ஸ் இங்கே ஒரே ஆட்டத்தில் 11 தடவை அப்படி மாட்டினார்கள். கூடவே அவர்களுடைய உதையாளர் மூன்று ஃபீல்ட் கோல்களை (கம்பங்களுக்கிடையே உதைத்து எடுக்கும் மூன்று புள்ளி) தவறவிட்டார், கூடுதல் நேரத்தில் நாம் 24-21. அந்த வருடமும் வீட்டில் 8-0.

2011 ஜனவரியில் நம் அணியின் மார்ஷான் லிஞ்ச் பந்தோடு 67 கெஜம் ஓடியபோது மக்கள் குதித்த குதியில் பக்கத்து நில அதிர்வுமானி அசைந்தது. அப்போது நான் இந்த ஊருக்கே வரவில்லை. ஆனாலும் அந்த ஓட்டத்தைப் பற்றி யாராவது பேச ஆரம்பித்தால் நானும் அங்கே இருந்த மாதிரியே தலையாட்டுவேன். இந்த ஊரில் அது சகஜம்.

இப்போது கணக்குக்கு வருகிறேன். 2012 முதல் 2016 வரை ஐந்து சீசனில் சொந்த மண்ணில் 40 ஆட்டம், 34 வெற்றி. (அதில் ஒன்று, 2012-ல் கிரீன் பே ஊரின் பேக்கர்ஸோடு மாற்று நடுவர்கள் கொடுத்த, இன்றைக்கும் சர்ச்சையான கடைசி நொடி டச் டவுன், அதாவது பந்தை எதிரணியின் எல்லைக்குள் கொண்டுபோய் எடுக்கும் ஆறு புள்ளி. கிரீன் பே பக்கம் நண்பர்கள் இருந்தால் அதை 33 என்றே படிக்கலாம்.) 2021 முதல் 2024 வரை நான்கு சீசனில் 34 ஆட்டம், 16 வெற்றி. கூரை அதேதான். வடக்குப் பலகையும் அதேதான். ஆட்டம் தொடங்குமுன் 12 என்று எழுதிய கொடியை ஏற்றுவதும் மாறவில்லை. ரசிகர்களையே பன்னிரண்டாவது ஆளாகக் கணக்கில் வைத்து அந்த எண்ணை 1984-லேயே ஓய்வு பெறச் செய்த அணி இது. பதினோரு பேர் மாறிப்போனார்கள், பன்னிரண்டாவது ஆள் அங்கேயேதான் இருக்கிறான்.

அப்படியானால் அந்த 34 வெற்றிக்கு யார் காரணம்? எர்ல் தாமஸும் ரிச்சர்ட் ஷெர்மனும் கேம் சான்சலரும் நம் தடுப்பு வரிசைக்குப் பின்னால் நின்றபோது எந்த மைதானமும் எதிரணிக்கு நரகமாகத்தான் இருந்திருக்கும். அவர்கள் செய்த வேலைக்கு நாங்கள் பட்டம் வாங்கிக்கொண்டோம் என்று சில நாள் தோன்றும். தோன்ற வைத்தது 2020. கொரோனா வருடம், மைதானத்தில் ஆளே இல்லை. அணி வீட்டில் ஆடிய கணக்கு 7-1! நாங்கள் ஒருவர்கூட இல்லாமல், வெறும் இருக்கைகளுக்கு முன்னால். லீக் முழுக்கப் பார்த்தால் அந்த சீசனில் வீட்டு அணிகள் 127 வெற்றி, 128 தோல்வி, ஒரு டிரா. அதாவது கூட்டம் இல்லாவிட்டால் வீட்டு மைதானத்துக்கு அர்த்தமே இல்லை என்று மற்ற ஊர்களெல்லாம் சேர்ந்து நிரூபித்துக்கொண்டிருந்தபோது, கூட்டத்தாலேயே பேர் வாங்கிய ஊரில் 7-1.

ஆனால் அதே சீசனின் ப்ளே ஆஃபில், 2021 ஜனவரியில், ராம்ஸ் வந்து 30-20 என்று தோற்கடித்தார்கள். அதற்கு முன் சொந்த மண்ணில் ஆடிய 10 ப்ளே ஆஃபை வரிசையாக ஜெயித்திருந்தோம். அந்த வரிசை அறுந்ததும் காலி மைதானத்தில்தான். ஆகவே நாங்கள் தேவையா தேவையில்லையா என்பதற்கு இரண்டு பக்கமும் சாட்சி இருக்கிறது. ராத்திரி தூக்கம் வராதபோது எனக்கு வேண்டியதை எடுத்துக்கொள்கிறேன்.

2024-க்குத் திரும்பினால், அந்த ஆறு தோல்விகளில் பாதிக்குமேல் சத்தத்தால் காப்பாற்ற முடியாத ரகம். சத்தம் எதிரணி பந்தோடு நிற்கும்போதுதான் உதவும். நம் ஆட்கள் பந்தோடு நின்று சொதப்பினால் வாயை மூடிக்கொண்டு பார்க்க வேண்டியதுதான். ஜயன்ட்ஸ் வந்தார்கள். அந்த சீசன் முழுக்க 3 ஆட்டம் மட்டுமே ஜெயித்த ஜயன்ட்ஸ். ஆட்டம் முடிய ஏறக்குறைய ஒரு நிமிடம்தான், அவர்கள் 23-20, சமன் செய்ய ஒரு ஃபீல்ட் கோல் போதும். அதை அவர்கள் ஆள் ஒருவன் தடுக்க, இன்னொருவன் பந்தை எடுத்துக்கொண்டு மறுகோடி வரை ஓடினான். 29-20. பில்ஸ் வந்தபோது மழை. டச் டவுன் கோட்டுக்குப் பக்கத்தில் போய், நம் சென்டர் (பந்தைக் காலிடுக்கில் பின்னுக்குத் தருபவர்) எறிந்த பந்து குவார்ட்டர்பேக் தலைக்கு மேலே பறந்தது. பிறகு இன்னொரு தடவை கோட்டருகே, நான்காவது டவுனில், அதே சென்டரின் காலில் தடுக்கி நம் குவார்ட்டர்பேக் ஜீனோ ஸ்மித் விழுந்தார். 31-10. நாங்கள் 68,000 பேர் நாகரிகமாக அமைதி காத்து இதையெல்லாம் பார்த்தோம்.

இவற்றில் மன்னிக்கவே முடியாதது ராம்ஸ் ஆட்டம். நவம்பர் 3. ஜீனோ எறிந்ததை அவர்கள் பிடித்து 103 கெஜம் ஓடி டச் டவுன் போட்டார்கள். அதற்கப்புறமும் நாம் கடைசி நிமிடத்தில் சமன் செய்தோம். கூடுதல் நேரத்தில் அவர்கள் பக்கம் 16-வது கெஜக் கோட்டில் நிற்கிறோம், நான்காவது டவுன், ஒரே ஒரு கெஜம் வேண்டும். உதைத்தால் மூன்று புள்ளி. நம் ஆட்கள் ஓடினார்கள். சுவரில் மோதிய மாதிரி நின்றது. அடுத்து ராம்ஸ் பந்து, ஒற்றைக் கையால் ஒரு பிடி, 26-20. சீசன் முடிவில் இரு அணியும் 10-7. சமன் உடைக்கும் விதியில் டிவிஷன் (எங்கள் பிரிவின் முதலிடம்) ராம்ஸுக்குப் போனது. அந்த ஒரு கெஜம் கிடைத்து ஜெயித்திருந்தால் நாம் 11-6, அவர்கள் 9-8. ப்ளே ஆஃபில் வீட்டில் ஒரு ஆட்டம் இருந்திருக்கும், எனக்கு இந்தப் பதிவும் இருந்திருக்காது.

எனக்கு இன்னொரு எரிச்சல் உண்டு, அதை அணி மேல் மட்டும் போட முடியாது. பக்கத்து இருக்கைகள். சீசன் முழுக்க வாங்கியவர் பெரிய ஆட்டங்களை மட்டும் மறுவிற்பனையில் விட்டுவிடுகிறார். அதை வாங்குவது எதிரணி ரசிகர். டிசம்பரில் பேக்கர்ஸ் வந்தபோது பச்சையும் மஞ்சளும் பார்க்காத வரிசை கிடையாது. நம் அணி பந்தோடு நிற்கும்போது, நாங்கள் பழக்கதோஷத்தில் அமைதியாக இருக்க, அந்த அமைதிக்குள் அவர்கள் பாட்டுக்கு 'கோ பேக் கோ' என்று பாடினார்கள். அந்தப் பாட்டிக்கே அன்றைக்கு எந்தப் பக்கம் திரும்பி முறைப்பது என்று தெரியவில்லை. 30-13.

ஆனால் நவம்பர் 24-ஐச் சொல்லாமல் விட்டால் நியாயமில்லை. கார்டினல்ஸ். நான்காவது டவுன், அவர்கள் குவார்ட்டர்பேக் கைலர் மரே பின்னால் போகிறார், சத்தம் ஏறிக்கொண்டே போகிறது, நம் ஆட்கள் மேலே வந்து விழ, அவசரத்தில் எறிகிறார். நம் தடுப்பாளர் கோபி பிரையன்ட் (கூடைப்பந்துக்காரர் இல்லை) பிடித்தார். 69 கெஜம் ஓடி டச் டவுன். அந்த ஓட்டத்தின் பாதியிலேயே நான் யார் தோளைப் பிடித்து உலுக்கிக்கொண்டிருந்தேன் என்று எனக்குத் தெரியாது, அவருக்கும் தெரியாது. அன்றைக்கு 16-6. அந்த சீசனில் நான் டிக்கெட்டுக்குக் கொடுத்த மொத்தக் காசும் அந்தச் சில நொடிக்குத்தான் என்று வைத்துக்கொண்டால்கூடக் குறையில்லை என்று பஸ்ஸில் வரும்போது நினைத்தேன். அடுத்த இரண்டு வீட்டு ஆட்டமும் தோல்வி. அதற்குப் பிறகு அப்படி நினைக்கவில்லை.

ஆகவே தம்பி, சத்தத்துக்கு ஐந்துக்கு ஐந்து. 2024 கணக்குப்படி வெற்றிக்கு 9-ல் 3, ஐந்துக்கு மாற்றினால் ஒன்றேமுக்கால், அதுவும் நான் தாராளமாக முழுமைப்படுத்தியது. எடுக்காதே. வீட்டில் உட்கார்ந்து வெளியூர் ஆட்டம் பார், 2024 மாதிரி இருந்தால் 7-1 உனக்கு இலவசம். ராம்ஸோ ஃபார்ட்டி நைனர்ஸோ வரும்போது நேரில் பார்க்கணும் போல இருந்தால் முதலில் என்னிடம் சொல், என்னிடம் இரண்டு சீட் இருக்கிறது. ஆனால் நம் பந்தாக இருக்கும்போது வாயைத் திறந்தால் அந்தப் பாட்டியிடம் நான் உனக்காகப் பேச மாட்டேன்.