போர்மட் அடிக்க முதல் கிளிநொச்சியில் இந்தக் கொம்பியூட்டர் திருத்தும் கடைக்கு ஒருக்கால் போங்கள்

மருமகனின் லப்டொப்பில் ஒரு கார் ஓட்டும் கேம் திறக்கவில்லை. ஐகனைக் கிளிக் பண்ணினால் சுட்டி இரண்டு செக்கன் வட்டமாகச் சுற்றும், டாஸ்க் மனேஜரில் கேமின் பெயர் ஒருக்கால் தலைகாட்டும், பிறகு மறைந்துவிடும். பிழை என்று ஒரு பெட்டிகூட வராது. ஏதாவது எண் வந்தாலாவது அதை வைத்துத் தேடலாம், ஒன்றுமே சொல்லாமல் மூடிக்கொள்கிற கேமை வைத்துக்கொண்டு எங்கே போய்த் தேடுவது?

வீட்டில் செய்யக்கூடியதை எல்லாம் செய்துதான் பார்த்தோம். கேம் வாங்கி இறக்குகிற ஸ்டீம் செயலியில் கேம் கோப்புகளைச் சரிபார்க்கும் வசதி இருக்கிறது, பழுதான கோப்பு இருந்தால் அதை மட்டும் திரும்ப இறக்கும், அதைச் செய்தோம். கிராபிக்ஸ் டிரைவரை (படம் காட்டும் சிப்பை இயக்குகிற மென்பொருள்) புதிதாகப் போட்டோம். அட்மினாக ஓட்டிப் பார்த்தோம். வைரஸ் கார்டை நிறுத்திப் பார்த்தோம். கடைசியில் கேமையே அழித்துவிட்டுத் திரும்ப டவுன்லோட் பண்ணினோம். இதில்தான் எனக்கு வயிறு எரிந்தது, ஏனென்றால் நாங்கள் இருப்பது விசுவமடுவில், மழை இருட்டினாலே சிக்னல் இறங்கிவிடும், பகல் டேட்டாவைத் தொட முடியாது, இரவு டேட்டா தொடங்கும் வரை பொடியன் விழித்திருந்து மூன்று இரவு இறக்கினான். இறக்கி முடித்து விடியக் கிளிக் பண்ணினால் அதே இரண்டு செக்கன்.

முதலில் கொண்டுபோன கடையில் (எந்த ஊர், எந்தக் கடை என்பதை விடுகிறேன்) லப்டொப்பைத் திறந்துகூடப் பார்க்காமல் கிராபிக்ஸ் சிப் போய்விட்டது, மதர்போர்ட் மாற்ற வேண்டும், 45,000 ரூபாய் வரும் என்றார்கள். அதே கடையில்தான் இரண்டு மாதத்துக்கு முன் லப்டொப் மெதுவாக இருக்கிறது என்று கொடுத்து, கேட்காமலே போர்மட் அடித்து, அதாவது எல்லாவற்றையும் அழித்து வின்டோஸைப் புதிதாகப் போட்டுத் தந்தார்கள். அக்காவுக்கு 45,000 என்றால் எத்தனை மாதக் கணக்கு என்று எனக்குத் தெரியும். அதனால்தான் இன்னொரு இடத்தில் காட்டுவோம் என்று முடிவெடுத்தோம்.

இந்தக் கடை கரடிப்போக்குச் சந்தியில் இறங்கி ரவுண் பக்கமாக நடந்தால் வரும். ஒரு போட்டோக்கொப்பிக் கடையின் பின் அறை, வெளியே போர்ட் இல்லை. பெயரைப் போடட்டுமா என்று கேட்டேன், தனி ஆளாக வேலை செய்வதால் கூட்டம் தாங்காது, வேண்டாம் என்றார். சரி, சந்தியில் கொம்பியூட்டர் திருத்துகிற தம்பி என்று கேட்டால் காட்டுவார்கள். விசுவமடுவில் இருந்து வருகிறவர்கள் பரந்தனில் பஸ் மாற வேண்டியிருக்கலாம், அந்தப் பயணத்துக்கு இது பெறுமதி.

உள்ளே போனதும் அவர் லப்டொப்பைத் தொடவில்லை. பொடியனைப் பார்த்துத்தான் கேட்டார்: "தம்பி, இது கடைசியா எப்ப ஓடினது? அதுக்குப் பிறகு என்ன மாத்தினனீர்?" இந்தக் கேள்வியை அதுவரை ஒருவரும் கேட்கவில்லை, நானும் கேட்கவில்லை. அவன் யோசித்துவிட்டுச் சொன்னான், போர்மட் அடிக்க முதல் ஓடினது, அடித்த பிறகு வேறு இரண்டு கேம் ஓடுது, இது மட்டும் ஓடவில்லை. "அப்ப சிப் போயிருக்காது. போயிருந்தா மற்ற ரெண்டும் இப்பிடி ஓடாதே," என்றார். அந்த ஒரு வசனத்திலேயே எனக்குப் பாதிப் பாரம் இறங்கியது.

பிறகு, நடந்த பிழைகளை வின்டோஸ் குறித்து வைக்கும் ஈவன்ட் வியூவரைத் திறந்தார். இது வின்டோஸிலேயே இருக்கிறது, தனியாக ஒன்றும் போட வேண்டியதில்லை. ஸ்டார்ட்டில் பெயரை அடித்துத் திறந்து, வின்டோஸ் லொக்ஸ், அதற்குள் அப்ளிகேஷன். கேம் விழுந்த நேரத்துக்கு நேரே சிவப்பு அடையாளத்தோடு 1000 என்ற எண்ணில் ஒரு வரி கிடந்தது. அதற்குள் எந்தக் கோப்பில் தடக்கி விழுந்தது என்று எழுதியிருக்கும். கிராபிக்ஸ் டிரைவரின் கோப்பாக இருந்தால் டிரைவரில் சந்தேகப்படலாம், எங்களுக்கு வந்தது கேமின் சொந்தக் கோப்பு. உடனே கேம் கிடக்கும் போல்டருக்குள் போய் கேம் தான் செய்ததை எழுதி வைக்கும் ஒரு லொக் கோப்பை நோட்பேடில் திறந்தார்.

கடைசி வரியில் விரலை வைத்தார். சி டிரைவ், யூசர்ஸ், அதற்குப் பிறகு பொடியனின் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் ஐந்து கேள்விக்குறி. ????? என்று அப்படியே வரிசையாக. அதற்குப் பிறகு டொக்கியுமென்ட்ஸ்.

போர்மட் அடித்த பிறகு லப்டொப்பை முதல் தரம் திறந்து பெயர் கேட்டபோது அவன் தன் பெயரைத் தமிழில் அடித்திருக்கிறான். யூசர் போல்டரும் தமிழ்ப் பெயரிலேயே உருவாகிவிட்டது. வின்டோஸுக்கு அதில் ஒரு கரைச்சலும் இல்லை. எல்லா மொழி எழுத்துகளையும் கணினியில் குறிக்கும் பொது முறையான யூனிகோட்டில் 1991 இல் வந்த முதல் பதிப்பிலேயே தமிழ் இருக்கிறது, வின்டோஸ் 2000 இல் தமிழ் எழுத்தும் லதா எழுத்துருவும் வந்துவிட்டன. பிழை கேம் செய்தவர்களிடம். அவர்கள் இன்னும் யூனிகோட் இல்லாத பழைய வழியில் போல்டர் பெயரை வாசிக்கிறார்கள், அந்த வழிக்குத் தமிழ் எழுத்துத் தெரியாது, தெரியாத ஒவ்வொரு எழுத்துக்கும் ஒரு கேள்விக்குறியைப் போட்டுவிடுகிறது. வின்டோஸில் போல்டர் பெயருக்குள் கேள்விக்குறி வரவே முடியாது, ஆகவே கேம் தேடுவது உலகத்தில் இருக்க முடியாத ஒரு போல்டரை. தேடிக் கிடைக்காமல் விழுகிறது. மற்ற இரண்டு கேமும் ஒழுங்காக எழுதப்பட்டவை, ஓடுகின்றன.

எனக்கு இதில் உண்மையாகவே கோபம் வந்தது. காசு வாங்கி விற்கிற கேம், ஒரு பிள்ளை தன் பெயரைத் தன் மொழியில் எழுதியதற்காகத் திறக்காமல் இருக்கிறது. சீனம், அரபு, ரஷ்ய எழுத்துக்காரருக்கும் இப்படித்தான் நடக்கும் என்று கடைக்காரர் சொன்னார்.

உறுதிப்படுத்த, ஆங்கில எழுத்தில் டெஸ்ட் என்று ஒரு புதிய கணக்கை உருவாக்கி அதற்குள் போய்க் கேமைத் திறந்தார். இஞ்சின் சத்தம் வந்தது. பொடியன் என் கையைப் பிடித்து, "மாமா, பாருங்கோ" என்றான், வேறு ஒன்றும் சொல்லவில்லை.

போல்டரின் பெயரை மட்டும் மாற்றினால் போதாதா என்று கேட்டேன். கூடாதாம், போல்டரின் பழைய முகவரியை வின்டோஸும் மற்ற மென்பொருட்களும் நினைவில் வைத்திருக்கும், போல்டரை மட்டும் மாற்றினால் கணக்கே குழம்பும். வட்டார அமைப்புகளுக்குள் யூடிஎஃப்-8 என்று, பழைய மென்பொருளையும் யூனிகோட்டில் எழுத்தை வாசிக்க வைக்கும் ஒரு தெரிவு இருக்கிறது, அதைப் போட்டாலும் சில கேம் திறக்கும், ஆனால் அது இன்னும் பீட்டா, அதாவது சோதனை நிலை, என்று போட்டுத்தான் கிடக்கிறது, வேறு பழைய மென்பொருட்களில் எழுத்துக் குழம்பலாம் என்று அவர் அதைத் தொடவில்லை. டெஸ்டை அழித்துவிட்டு, ஆங்கில எழுத்தில் அவன் பெயரிலேயே ஒரு கணக்கு உருவாக்கி, படங்கள், பாடசாலைக் கோப்புகள், கேம் சேவ் எல்லாவற்றையும் அதற்குள் மாற்றினார். அப்புறம் நாங்கள் கேட்காத ஒன்றைச் செய்தார். கொன்ட்ரோல் பனலில் அந்தக் கணக்கின் பெயரை மட்டும் தமிழுக்கு மாற்றினார். போல்டர் ஆங்கிலத்திலேயே இருக்கும், திரையில் வருகிற பெயர் மட்டும் மாறும். லப்டொப்பைத் திரும்பப் போட்டபோது அவன் பெயர் முன்பு இருந்தது போலவே தமிழில் வந்தது. "பேரை ஏன் விடுவான்," என்றார் அவர்.

எல்லாம் ஒன்றரை மணித்தியாலம். 1,500 ரூபாய் எடுத்தார்.

காத்திருந்த நேரத்தில் பார்த்த மற்ற வேலைகளையும் சொல்ல வேண்டும், உங்களில் யாருக்காவது உதவும். அக்கராயனில் இருந்து வந்த ஒரு தம்பிக்கு வலரன்ட் என்ற கேம் திறக்கவில்லை. வின்டோஸ் 11 இல் அந்தக் கேமுக்கு டிபிஎம் 2.0 (பாதுகாப்புச் சிப்) உம் செக்யுர் பூட்டும் (நம்பகமான மென்பொருளை மட்டும் தொடங்க விடும் வசதி) இயங்க வேண்டும், அது இல்லாமல் விடாது. புது மதர்போர்ட் வாங்கச் சொல்லி யாரோ அனுப்பியிருக்கிறார்கள். இவர் பயோஸுக்குள் (வின்டோஸ் ஏற முதல் வருகிற அமைப்புப் பக்கம்) போய் இரண்டையும் போட்டுவிட்டார், இன்டெல் போர்ட்களில் டிபிஎம் பிடிடி என்ற பெயரில் இருக்கும், ஏஎம்டியில் எஃப்டிபிஎம். ஆனால் போட முதல் டிஸ்க்கைப் பிரித்திருக்கும் முறை புதிய ஜிபிடி வகையா பழைய எம்பிஆர் வகையா என்று பார்த்தார். எம்பிஆர் என்றால் அதை மாற்றாமல் பயோஸில் கைவைத்தால் வின்டோஸே ஏறாது, வீட்டில் செய்கிறவர்கள் இதைக் கவனியுங்கள்.

இன்னொருவரின் பழைய கேமுக்கு டி3டிஎக்ஸ்9 என்று தொடங்கும் டிஎல்எல் கோப்பு (மென்பொருள் ஓட உதவும் துணைக் கோப்பு) இல்லை என்று பெட்டி வந்தது. வின்டோஸில் கேம்களின் படத்துக்கும் சத்தத்துக்கும் உதவும் டைரக்ட்எக்ஸ் 12 இருந்தாலும் இந்தப் பழைய கோப்புகள் அதோடு வராது, மைக்ரோசொப்ட் 2010 ஜூனில் விட்ட டைரக்ட்எக்ஸ் தொகுப்பைப் போட்டால் சரி. எம்எஸ்விசிபி140 இல்லை என்று வந்தால் விசுவல் சி++ தொகுப்பு. இரண்டும் மைக்ரோசொப்டிடம் இலவசம். தனி டிஎல்எல் கோப்பை ஏதோ ஒரு தளத்தில் இறக்கி உள்ளே போடுவதை அவர் கடுமையாகத் தடுத்தார், அதோடு என்ன வரும் என்று யாருக்கும் தெரியாது. காசு கொடுக்காமல் ஓட பூட்டுடைத்த கிராக் கேமும் போட்டுத் தருவதில்லை. வைரஸ் கார்ட் அதில் ஒரு கோப்பை அழித்துவிட, கேம் திறக்கவில்லை என்று தூக்கிக்கொண்டு வருகிறவர்கள்தான் அதிகமாம்.

வின்டோஸ் 7 வைத்திருப்பவர்கள் ஸ்டீமுக்காக அங்கே போக வேண்டாம். 2024 ஜனவரி 1 ஓடு ஸ்டீம் அதை விட்டுவிட்டது, அவராலும் ஒன்றும் செய்ய முடியாது.

குறைகளும் இருக்கின்றன. இரண்டே கதிரை, நாங்கள் போன அன்று ஆறு பேர், அக்காவை வெளியே மரத்தடியில் இருத்த வேண்டி வந்தது. வேலை நேரத்தில் போன் எடுக்க மாட்டார். பில் தருவதில்லை, கேட்டால் ஒரு துண்டில் எழுதித் தருகிறார், இதை அவர் மாற்ற வேண்டும், ஏனென்றால் அடுத்த தரம் வேறு இடத்துக்குக் கொண்டுபோனால் என்ன செய்தது என்று காட்ட எங்களிடம் ஒன்றும் இல்லை. கரண்ட் போனால் டெஸ்க்டொப் வேலை எல்லாம் நின்றுவிடும். கிராபிக்ஸ் கார்ட், ரம் போன்ற சாமான்கள் அவரிடம் விற்பனைக்கு இல்லை, நீங்கள் வாங்கிக்கொண்டு போனால் பூட்டித் தருவார்.

காலையில் கடை திறக்கும்போதே போங்கள், பத்து மணிக்குப் பிறகு கூட்டம். சார்ஜரைக் கொண்டுபோங்கள், உங்கள் ஸ்டீம் பாஸ்வேர்ட் நினைவில் இருக்கட்டும். கேம் கடைசியாக எப்போது ஓடியது என்பதையும் போக முதல் யோசித்து வையுங்கள், அவர் முதலில் அதைத்தான் கேட்பார்.