கடமானுக்கு டிக்கா டி3எக்ஸ் லைட்: துப்பாக்கியை விட தோட்டாதான் முக்கியம்

ஆஸ்திரேலியாவின் விக்டோரியா மாநிலத்தில் டிக்கா டி3எக்ஸ் லைட் ரைஃபிளோடு கடமான் வேட்டைக்குப் போய்த் திரும்பி வந்து மூன்று வாரம் ஆகிறது. சாயங்காலம் ஒட்டுக்கடையில் தே தாரிக் குடிக்க உட்கார்ந்தால் தெரிந்தவர் தெரியாதவர் எல்லோரும் ஒரே கேள்வியைத்தான் கேட்கிறார்கள், என்ன துப்பாக்கி, எத்தனை வெள்ளி, எத்தனை மீட்டர் போகும். என்ன தோட்டா போட்டீர்கள் என்று இதுவரை ஒருவர்கூடக் கேட்கவில்லை. அதனால்தான் இதை எழுத உட்கார்ந்தேன். பெரிய மிருகத்துக்குப் போகிறவன் முதலில் மிருகத்தைப் பார்க்க வேண்டும், அடுத்து அதற்கேற்ற தோட்டாவை, அப்புறம்தான் துப்பாக்கியை. நம் ஆட்கள் நேர்மாறாகப் போகிறார்கள். நானும் அப்படித்தான் போனேன், அதற்கான விலையை ஒரு கடமான் கொடுத்தது.

மலேசியாவில் எங்கள் சுங்கை சிப்புட்காரர்களுக்குத் துப்பாக்கி என்றால் விளையாட்டுப் பொருள் இல்லை. 1948 ஜூன் 16-ல் இங்கே இரண்டு தோட்டங்களில் மூன்று வெள்ளைக்காரத் துரைமார்கள் சுடப்பட்டதும் அதைத் தொடர்ந்து அவசரகாலம் வந்ததும் தாத்தா காலத்தில் இருந்து கேட்டு வளர்ந்த கதை. இப்போதும் 1960-ஆம் ஆண்டு ஆயுதச் சட்டத்தின் கீழ் போலீஸ் லைசன்ஸ் இல்லாமல் ஒரு தோட்டாவைக்கூட வீட்டில் வைத்திருக்க முடியாது. இருக்கவும் கூடாது. நம்மைப் போன்ற சிறு நிலக்காரர்களுக்குப் பெரும்பாலும் கிடைப்பது 12 போர் குழல் அளவுள்ள ஷாட்கன், ஒரே தோட்டாவில் பல ரவை சுடும் துப்பாக்கி, அதுவும் பயிரைக் காக்க. ரைஃபிள் ஆசையை இங்கே வளர்த்துக்கொண்டு பயனில்லை.

என்னிடம் இருப்பது அப்பா வைத்திருந்த இரட்டைக் குழல் 12 போர், முறைப்படி என் பெயருக்கு மாற்றியது. எங்கள் ஆறு ஏக்கரில் பால்மரத்தை வெட்டிவிட்டுச் செம்பனை வைத்த பிறகு காட்டுப்பன்றித் தொல்லை எப்படி இருந்தது என்று செம்பனை வைத்தவர்களுக்குச் சொல்லத் தேவையில்லை. ஒரே ராத்திரியில் ஒரு வரிசைக் கன்றை மண்ணோடு புரட்டிப்போட்டுக் குருத்தை மட்டும் தின்றுவிட்டுப் போகும். அதனால் பன்றிக்கு என்ன தோட்டா என்பது எனக்கு நன்றாகத் தெரியும் என்று நினைத்திருந்தேன்.

இங்கே பழைய இங்கிலாந்துத் துப்பாக்கி வைத்திருக்கும் அண்ணன்மார்களுக்கு ஒரு வார்த்தை, விமர்சனத்தோடு நேரடியாகச் சம்பந்தம் இல்லை என்றாலும் சொல்லியே ஆகவேண்டும். குழலின் அடியில் 2½ அங்குலம் என்று முத்திரை இருந்தால் அதன் தோட்டா அறை 65 மில்லிமீட்டர். கடையில் இப்போது சாதாரணமாக வரும் தோட்டா 70 மில்லிமீட்டர். போட்டுப் பார்த்தால் சிக்கலே இல்லாமல் உள்ளே போய்விடும், அதுதான் ஆபத்து. பெட்டியில் போட்டிருக்கும் நீளம் சுட்ட பிறகு வாய் விரிந்த நிலையில் உள்ள அளவு. சுடுவதற்கு முன் வாய் மடிந்திருப்பதால் தோட்டா குட்டையாக இருக்கிறது. சுடும்போது அந்த மடிப்பு விரிய இடம் போதாமல் குழலின் குறுகிய பகுதிக்குள் போய் அடைக்கும், உள்ளே அழுத்தம் ஏறும். எங்கள் அப்பா பல வருடம் அப்படியே சுட்டிருக்கிறார், இரண்டு பூட்டும் தளர்ந்து போன பிறகுதான் துப்பாக்கி ரிப்பேர் பார்ப்பவர் அளந்து காட்டினார். இப்போது 65 மட்டும்தான் வாங்குகிறேன். தேடத்தான் வேண்டும், பரவாயில்லை.

பன்றிக்கு இங்கே எல்லோரும் எஸ்ஜி என்ற பெரிய ரவைத் தோட்டாவைத்தான் சொல்கிறார்கள். ஒவ்வொரு ரவையும் ஏறக்குறைய 8.4 மில்லிமீட்டர். 20, 25 மீட்டருக்குள் நன்றாக வேலை செய்யும், அதற்கு மேல் ரவை விரிந்து பாதி ரவைதான் பன்றி மேல் படும், அதுவும் எங்கே படும் என்று சொல்ல முடியாது. காயத்தோடு புதருக்குள் போன பன்றியைத் தேடிப் போவதைப் போல மோசமான வேலை இன்னொன்று இல்லை. ஒற்றைக் குண்டு போட்டால் 28 கிராம் ஈயம் ஒரே இடத்தில் போகும், ஆனால் என் துப்பாக்கியின் இடது குழல் நுனி மிகவும் இறுக்கம், அதில் ஒற்றைக் குண்டு போட நான் தயாரில்லை. வலது குழலில் மட்டும்.

சரி, விக்டோரியாவுக்கு வருவோம்.

என் மச்சான் மெல்பர்னில் இருந்து மூன்று மணி நேரத் தூரத்தில் மலைப்பக்கம் இருக்கிறார். அங்கே கடமான் பெருகிக் கிடக்கிறது. நாம் இங்கே ருசா என்கிறோமே, அதே இனம்தான். 1860-களில் இந்தியாவில் இருந்தும் இலங்கையில் இருந்தும் கொண்டுபோய் விட்டவை. இங்கே நம் தீபகற்பத்தில் ருசாவும் கீஜாங் என்ற சின்ன மானும் குறைந்துபோய் 2009-ல் வேட்டை லைசன்ஸ் கொடுப்பதையே வனவிலங்குத் துறையான பெர்ஹிலித்தான் நிறுத்தியது, புலிக்கு இரை வேண்டும் என்பதும் அதற்கு ஒரு காரணம். அது சரியான முடிவு என்று நான் மனதார நம்புகிறேன். இங்கே ருசாவைச் சுட்டுச் சாப்பிட்டதாகப் பெருமை பேசுகிறவர்களோடு நான் உட்காருவதில்லை. அங்கேயோ அது வெளியில் இருந்து வந்த மிருகம், அந்தக் காட்டை மேய்ந்து அழிக்கிறது, அதனால் கேம் லைசன்ஸ் எடுத்துச் சுடலாம். வெளிநாட்டவருக்கான அனுமதி, பத்திரங்கள் எல்லாவற்றையும் மச்சான் இரண்டு மாதம் முன்பே பார்த்துக்கொண்டார்.

அங்கே சட்டமே தோட்டாவைப் பற்றிப் பேசுவது எனக்குப் பிடித்திருந்தது. கடமானுக்குக் குறைந்தது .270 அங்குலக் குழல் அளவு, தோட்டாவில் இருந்து பறந்து போகும் குண்டு குறைந்தது 130 கிரெய்ன், அதாவது எட்டரை கிராம் அளவு. சின்ன மானுக்கு .243 போதும். காரணம் கேட்டேன், நல்ல கலைக்கொம்பன் ஒன்று 200 கிலோவைத் தாண்டும், தோல் தடிமன், எலும்பு கனம், அடிபட்டாலும் ஓட மனம் வைத்தால் பள்ளத்தாக்கு முழுக்க ஓடும் என்றார் மச்சான்.

அவர் வாங்கி வைத்திருந்தது டிக்கா டி3எக்ஸ் லைட், தர்ட்டி ஆட் சிக்ஸ் அளவில். 1906-ல் அமெரிக்க ராணுவத்துக்கு வந்த தோட்டா அது, நூறு வருடம் தாண்டியும் உலகத்தில் எந்த மூலையிலும் கிடைக்கிறது. துப்பாக்கி ஃபின்லாந்தில் ரீஹிமாக்கி ஊரில் சாக்கோ தொழிற்சாலையில் செய்தது. 1996-க்குப் பிறகு ஆஸ்திரேலியாவில் தானாகத் தோட்டா ஏறும் துப்பாக்கி சாதாரண ஆளுக்குக் கிடையாது, எனவே ஒவ்வொரு தடவையும் போல்டைக் கையால் இழுத்துச் சுடும் வகைதான் பெரும்பாலானவர்களிடம்.

பத்து நாள் தோளில் போட்டுக்கொண்டு நடந்தேன். போல்ட் அத்தனை வழுக்கலாக நகரும் ஒன்றை நான் இதற்கு முன் தொட்டதே இல்லை, கைப்பிடியைக் கொஞ்சம் தூக்கினால் போதும், எழுபது பாகைதான், மேலே பொருத்திய குறிபார்க்கும் ஸ்கோப்பில் விரல் இடிக்காது. விசை சுத்தமாக விடுகிறது, இழுவை இல்லை. நூறு மீட்டரில் முதல் நாள் அட்டையில் சுட்ட மூன்று தோட்டாவும் ஒரு வெள்ளி நாணயம் மூடும் அளவுக்குள் விழுந்தன, சுட்டது நான், மச்சான் இல்லை. மழையில் நனைந்தது, சேற்றில் ஒருமுறை விழுந்தது, பிடிக்கட்டை பிளாஸ்டிக் என்பதால் ஒன்றும் ஆகவில்லை. அப்பாவின் துப்பாக்கியில் மரக்கட்டை ஒவ்வொரு மழைக்காலமும் ஊதிக்கொண்டு பூட்டு இறுகுவதைப் பார்த்தவனுக்கு இது பெரிய விஷயம். வேலைப்பாடு போட்ட வால்நட் கட்டைதான் அழகு என்பவர்கள் நம் ஊர் ஈரத்தில் அதை ஐந்து வருடம் வைத்துப் பார்க்கட்டும்.

குறையும் உண்டு. இது லைட் என்பதால் ஸ்கோப் இல்லாமல் 3 கிலோதான், மலை ஏறும்போது சுகம், சுடும்போது அந்தச் சுகத்துக்கு ஈடாகத் தோளைக் கேட்கும். 12 போருக்குப் பழகிய தோள் என்று தைரியமாக இருந்தேன், ஆனால் இதன் உதை வேறு மாதிரி, தள்ளாது, குத்தும். முதல் நாள் ஸ்கோப்புக்கு மிக அருகில் கண்ணை வைத்து இடது கண்ணை மூடிக்கொண்டு சுட்டதில் வலது புருவத்தில் வெட்டு விழுந்தது, இன்னும் தழும்பு இருக்கிறது. மெலிந்த உடம்புக்காரர்கள் இதே துப்பாக்கியை .308 அளவில் எடுத்தால் கொஞ்சம் சாதுவாக இருக்கும், 100 மீட்டர் காட்டுக்கு அது தாராளமாகப் போதும். மேகசினில் மூன்று தோட்டாதான் நிற்கும். அது எனக்குக் குறையாகத் தெரியவில்லை. மூன்றில் முடியாததை ஐந்தில் முடிக்கப் போவதில்லை.

இப்போது முக்கியமான விஷயம். மச்சான் தனக்குக் கனமான தோட்டா வைத்திருந்தார். நான் என் பங்குக்கு என்று கடையில் ஒரு பெட்டி வாங்கினேன், எந்த கம்பெனி என்று சொல்லப்போவதில்லை, 150 கிரெய்ன், வேகமாக விரியும் வகை, பெட்டியில் கொம்பன் படம், விலையும் குறைவு. அட்டையில் பிரமாதமாக விழுந்தது. அட்டைக்கு எலும்பு இல்லை என்பதை நான் யோசிக்கவில்லை. மூன்றாம் நாள் காலையில் பெரணிப் பள்ளத்தில் எழுபது மீட்டரில் ஒரு கொம்பன், உடம்பைக் கொஞ்சம் என் பக்கம் திருப்பி நின்றது. தோள்பட்டையில் வைத்தேன். தடுமாறியது, அப்படியே பள்ளத்துக்குள் இறங்கி மறைந்தது. மச்சானின் நாய் இல்லை என்றால் அது கிடைத்தே இருக்காது. நான்கு மணி நேரம், ரத்தம் சொட்டு சொட்டாக, பிறகு அதுவும் இல்லாமல். கடைசியில் ஓடைக்கரையில் படுத்திருந்தது, எங்களைப் பார்த்து எழுந்திருக்க முயன்றது. மச்சான்தான் முடித்தார். அந்த நான்கு மணி நேரம் அது பட்ட வலிக்கு நான் பொறுப்பு, அதை நான் யாரிடமும் மறைக்கவில்லை.

தோலை உரித்தபோது பார்த்தோம். குண்டு தோள் எலும்பில் பட்டதும் சிதறிவிட்டது, செப்பு உறைத் துண்டுகள் இரண்டு விரல் ஆழத்தில் சதைக்குள்ளேயே கிடந்தன, நுரையீரல் பக்கம் எதுவும் போகவில்லை. அந்தத் தோட்டா மோசமானது என்று நான் சொல்லமாட்டேன், அது சின்ன மானுக்குச் செய்தது. அதைக் கடமானுக்கு எடுத்துப்போனதுதான் தப்பு. குழல் அளவு சட்டத்துக்குப் பொருந்தியது, எடை சட்டத்துக்குப் பொருந்தியது, இருந்தும் போதவில்லை, ஏனென்றால் குண்டின் உள்கட்டமைப்பை நான் பார்க்கவே இல்லை.

மறுநாளில் இருந்து மச்சானின் நோஸ்லர் பார்ட்டிஷன், 180 கிரெய்ன். இதன் கதை அவர் சொல்லித்தான் தெரியும். ஜான் நோஸ்லர் என்பவர் 1946-ல் கனடாவில் மூஸ் வேட்டைக்குப் போய், காய்ந்த சேறு அப்பிய தோளில் தன் குண்டு இதே போல் சிதறுவதைப் பார்த்துவிட்டு வந்து செய்தது. குண்டின் நடுவில் செப்பிலேயே ஒரு தடுப்புச் சுவர், முன்னால் இருக்கும் ஈயம் விரிந்து காயத்தை அகலப்படுத்தும், பின்பாதி சுவருக்குப் பின்னால் அப்படியே முழுசாக இருந்து ஆழமாகப் போகும். ஏழாம் நாள் தொண்ணூறு மீட்டரில் ஒரு பெண் மான், பக்கவாட்டில் நின்றது. ஒரே தோட்டா, இரண்டு பக்கமும் துளை, நாற்பது எட்டு ஓடி விழுந்தது. போய்ச் சேர்வதற்குள் அடங்கிவிட்டது. இப்படித்தான் இருக்க வேண்டும். செம்புக் குண்டு முழுசாக வருவதும் இருக்கிறது, உள்ளே உள்ள ஈயத்தையும் செப்பு உறையையும் ஒட்டிச் செய்ததும் இருக்கிறது, அவையும் இதே வேலையைச் செய்யும் என்கிறார்கள் அங்குள்ளவர்கள், நான் சுட்டுப் பார்த்தது இது ஒன்றுதான்.

ஸ்கோப் பற்றி ஒரு வரி. 3-இல் இருந்து 9 மடங்கு வரை உள்ளதை வைத்திருந்தோம், நான் ஒருமுறைகூட 4-ஐத் தாண்டவில்லை. அடர்ந்த காட்டில் பெரிதாக்கினால் இலைதான் தெரியும். குச்சி, கொடி வழியாகச் சுட்டாலும் கனமான குண்டு நேராகப் போகும் என்று நம் ஊரில் ஒரு நம்பிக்கை இருக்கிறது, நம்பாதீர்கள், எந்தக் குண்டும் குச்சியில் பட்டால் திசை மாறும்.

ஒட்டுக்கடையில் ஒரு தம்பி யானைத் துப்பாக்கி பற்றிக் கேட்டான். நம் நாட்டில் யானை முழுப் பாதுகாப்பில் உள்ள மிருகம், அந்தப் பேச்சே வேண்டாம் என்றேன். ஆப்பிரிக்காவில் எருமைக்கும் யானைக்கும் பல நாடுகளில் 1912-ல் வந்த .375 ஹாலண்ட் அண்ட் ஹாலண்ட் தோட்டாதான் குறைந்தபட்சம். அதில் நமக்கு உபயோகமான பாடம் ஒன்று இருக்கிறது. பழைய இங்கிலாந்துத் தோட்டாக்கள் சில அத்தனை பெரிய கூடாக இருப்பதற்கு வெயில் ஒரு காரணம். அந்தக் கால வெடிமருந்தான கார்டைட் சூட்டில் வேகமாக எரியும், அழுத்தம் ஏறும், சுட்ட தோட்டாவின் கூடு அறைக்குள் ஒட்டிக்கொள்ளும். எருமை எதிரில் நிற்கும்போது கூடு ஒட்டிக்கொண்டால் கதை முடிந்தது. அதனால் கூட்டைப் பெரிதாக்கி அழுத்தத்தைக் குறைத்து வைத்தார்கள். இன்றைய மருந்து எவ்வளவோ மேல், ஆனாலும் தோட்டாவை மதிய வெயிலில் காடிக்குள் விட்டுவிட்டுப் பசியாறப் போகிறவர்கள் இதை மனதில் வைக்க வேண்டும்.

மொத்தத்தில் டிக்காவை வாங்கலாமா என்றால், ரைஃபிள் லைசன்ஸ் கிடைக்கும் நாட்டில் உறவு இருந்து, ஒரே ஒரு துப்பாக்கிதான் என்றால், கண்ணை மூடிக்கொண்டு வாங்கச் சொல்லுங்கள், கனம் கொஞ்சம் கூடிய மாடலாக இருந்தால் இன்னும் நல்லது. மிச்சமாகும் காசை ஸ்கோப்பில் போடாமல் தோட்டாவில் போடச் சொல்லுங்கள். மச்சானிடம் அடுத்த ஜூலைக்கு இப்போதே சொல்லிவிட்டேன், அதே பார்ட்டிஷன் நான்கு பெட்டி, எல்லாம் ஒரே தடவையில் தயாரித்தவை என்று காட்டும் ஒரே லாட் எண் இருக்க வேண்டும். இரண்டு பெட்டி அட்டையில் பழக, ஒன்று காட்டுக்கு, ஒன்று கையிருப்பு. அந்த 150 கிரெய்ன் பெட்டியில் மீதி இருந்த பதினான்கு தோட்டாவை அவர் அட்டையில் சுட்டுத் தீர்த்துவிட்டதாகச் சொன்னார்.