பால் டீக்கு எது, டஸ்ட்டா இலையா?

கடை டீ ருசி வீட்டிலும் வேண்டுமென்றால் டஸ்ட் தூளைத் தவிர வேறு எதையும் பார்க்காதீர்கள். இது சிடிசி முறையில் தயாராவது, அதாவது பல் வெட்டிய உருளைகளுக்கு நடுவே இலை நசுங்கி, கிழிந்து, சுருண்டு குருணையாகிவிடும். 1930களில் அசாமில் தொடங்கிய முறை. துகள் சின்னது என்பதால் கொதிக்கிற தண்ணீரில் போட்ட 2 நிமிடத்திலேயே சாயமும் திடமும் இறங்கிவிடும், அப்புறம் பாலைத் தாராளமாக ஊற்றினாலும் டீயின் குணம் அமுங்காது. பாலில் உள்ள கேசின் என்ற புரதம் தேயிலையின் துவர்ப்பைப் பிடித்துக்கொள்ளும், அதனால்தான் வெறும் டிகாக்‌ஷனாகக் குடித்தால் நாக்கை இழுக்கிற தூள்கூட பால் சேர்ந்ததும் சாதுவாகிவிடுகிறது.

குன்னூர் போய் வருகிறவர்கள் ஆசையாக வாங்கி வரும் ஆர்தடாக்ஸ் இலைத் தேயிலை கதையே வேறு. இலையை உருட்டி மட்டும் எடுப்பதால் மணம் தூக்கலாக இருக்கும், ஆனால் 3 முதல் 5 நிமிடம் ஊறினால்தான் சாயம் இறங்கும். அதில் பாதிக்குப் பாதி பால் ஊற்றினால் மணமும் போய், வெளிறிப்போன ஏதோ ஒன்று டம்ளரில் நிற்கும் (கொடுத்த விலையை நினைத்தால் வயிறு எரியும்). பால் வேண்டியே வேண்டுமா, சரி, ஊறவைத்து வடிகட்டிய பிறகு ஒரு ஸ்பூன் போதும்.

இரண்டையும் கலந்து கொதிக்க வைக்கலாம் என்று ஒருவர் சொன்னாரே என்று செய்தும் பார்த்தேன். டஸ்ட் வேலையை முடித்தபோது இலை அப்போதுதான் சோம்பல் முறித்துக்கொண்டிருந்தது.