அந்த நாள் (1954): சிங்கப்பூர்க்காரர்கள் பார்க்க வேண்டிய சென்னைக் கொலை

பழைய கறுப்பு வெள்ளைப் படம் என்றாலே பத்துப் பாட்டு, நடுநடுவே தனி டிராக்கில் காமெடி என்று நினைத்து முன்கூட்டியே கொட்டாவி விடுகிற ஆட்களுக்குத்தான் முதலில் இதைச் சொல்கிறேன். ஏவிஎம் 1954ல் எடுத்த 'அந்த நாள்' படத்தில் ஒரு பாட்டுகூடக் கிடையாது. டான்ஸ் கிடையாது, சண்டையும் கிடையாது. இயக்கியவர் யார் என்றால் எஸ். பாலசந்தர். ஆமாம், வீணை பாலசந்தரேதான், அப்போது அவருக்கு வயது 27. அவ்வளவு பெரிய சங்கீதக்காரர் என் படத்துக்குப் பாட்டே வேண்டாம் என்று சொல்ல எத்தனை நெஞ்சழுத்தம் இருந்திருக்க வேண்டும்! முதல் தடவை வெளியானபோது படம் சரியாகப் போகவில்லையாம். போகாதுதான், காசு கொடுத்து உள்ளே வந்தவர்கள் பாட்டு எங்கே என்று கேட்கத்தானே செய்வார்கள்.

கதை சுருக்கமாக: 1943 அக்டோபர் 11 இரவு சென்னையில் ஜப்பான் விமானம் குண்டு போடுகிறது. மறுநாள் திருவல்லிக்கேணியில் ராஜன் என்ற ரேடியோ இன்ஜினியர் வீட்டில் சுடப்பட்டுச் சாகிறான். அந்த ராஜன் சிவாஜி. 'பராசக்தி' வந்து இரண்டே வருடம், அந்தப் படத்தில் ஜோடியாக நடித்த பண்டரிபாயே இதில் மனைவி உஷா, கூட்டம் அவர் வசனத்துக்காகக் காத்திருக்கிற நேரம், அவரைப் படம் தொடங்கியதுமே கொன்றுவிட்டு அதற்கப்புறம் விசாரணையைத் தொடங்குகிறார்கள். துப்பறிய வருகிற சிவானந்தம், ஜாவர் சீதாராமன். திரைக்கதை வசனமும் அவரே.

பக்கத்து வீட்டுச் சின்னையா பிள்ளை, தம்பி பட்டாபி, தம்பி மனைவி ஹேமா, ராஜனோடு தொடர்பில் இருந்த அம்புஜம், மனைவி உஷா என்று ஐந்து பேர் மேல் சந்தேகம். கொன்றது யார் என்பதைவிட, ஒவ்வொருவர் வாயிலும் செத்தவன் வேறு வேறு ஆளாக மாறுவதுதான் எனக்குப் பிடித்தது. தம்பி சொல்லும்போது சொத்து விஷயத்தில் பிடிவாதம் பிடிக்கிற அண்ணன், அம்புஜத்திடம் குழைகிற ஆள், உஷா சொல்லும்போது காதலித்துக் கல்யாணம் செய்த புருஷன். சிவாஜி இதற்காகக் குரலை ஏற்றி இறக்கி அமர்க்களம் எதுவும் செய்வதில்லை. நிற்கிற தோரணையும் பார்வையும் கொஞ்சம் மாறுகிறது, அவ்வளவுதான். சிவாஜி என்றாலே ஓவர் ஆக்டிங் என்று ஒரே வரியில் முடித்துவிடுகிற நண்பர்களுக்கு இந்தப் படத்தைத்தான் போட்டுக் காட்ட வேண்டும்.

சரி, இதுவரை பார்க்காதவர்கள் அடுத்த இரண்டு பத்திகளைத் தாண்டிவிடுங்கள். கொலையாளியைச் சொல்லப் போவதில்லை, ஆனால் ராஜன் யார் என்பதைச் சொல்லாமல் நான் எழுத வந்ததை எழுத முடியாது.

மலிவான ரேடியோ செய்ய நினைத்தவன் ராஜன். சொந்த நாட்டில் யாரும் கைகொடுக்கவில்லை என்ற கடுப்பில் ஜப்பானுக்கு உளவு சொல்லப் போய்விடுகிறான். சென்னையில் இருக்கிறவர்களுக்கு இது கதையில் ஒரு திருப்பம். இங்கே சிங்கப்பூரில் உட்கார்ந்து பார்க்கும்போது எனக்கு அந்தத் தேதிகள் உறுத்திக்கொண்டே இருந்தன. சென்னையில் குண்டு விழுந்ததற்கு முந்தின நாள், 1943 அக்டோபர் 10, அப்போது ஜப்பான் பிடியில் இருந்த சிங்கப்பூரில் கென்பெய்தாய், அதாவது ஜப்பான் ராணுவப் போலீஸ், சாங்கிச் சிறைக்குள் புகுந்தது. நம் துறைமுகத்தில் கப்பல்கள் வெடித்ததற்கு உள்ளிருந்துதான் தகவல் போகிறது என்று சந்தேகப்பட்டு, ரேடியோவைத் தேடி, 57 பேரைப் பிடித்துச் சித்திரவதை செய்தார்கள், 15 பேர் செத்தே போனார்கள். அந்தக் கப்பல்களுக்கும் அவர்களுக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. எங்கள் வீட்டுப் பெரியவர்கள் ஜப்பான்காரன் காலத்தைப் பற்றிப் பேசினால் மரவள்ளிக்கிழங்குக்கு அடுத்தபடி ரேடியோதான் வரும், அதுவும் குரலைத் தாழ்த்திக்கொண்டுதான்.

அப்புறம் அக்டோபர் 21. கேத்தே கட்டடத்தில் நேதாஜி தற்காலிக அரசாங்கத்தை அறிவிக்கிறார். ஜப்பான் தயவில்தான், ஆனால் அவருடைய இந்திய தேசிய ராணுவத்தில் சேர்ந்த மலாயாத் தோட்டத்துத் தமிழர்களை யாராவது தேசத் துரோகி என்பார்களா? எஸ்பிளனேட் பூங்காவில் அவர்களுக்கு நினைவுச் சின்னமே இருக்கிறது. ஒரே மாதத்தில் ஜப்பான் பக்கம் நின்ற தமிழன் திருவல்லிக்கேணியில் துரோகி, சிங்கப்பூரில் தியாகி. படம் இந்தச் சிக்கல் பக்கமே போவதில்லை. ராஜனைப் பணத்துக்கும் கோபத்துக்கும் விலைபோனவனாக ஆக்கிவிட்டதால் உஷாவின் தேசபக்திப் பேச்சுக்கு எதிர்ப்பேச்சே கிடையாது. அவனும் சுதந்திரத்துக்காகத்தான் செய்தேன் என்று ஒரு வரி சொல்லியிருந்தால் கடைசி அரை மணி நேரம் இன்னும் கனமாக இருந்திருக்கும். அந்த வசனங்கள் நீளமும்கூட, பண்டரிபாயின் முகத்துக்காகத்தான் பொறுத்துக்கொள்ள முடிகிறது.

ஒளிப்பதிவு மாருதிராவ். பாதி முகத்தில் வெளிச்சம், மீதி இருட்டு என்று அறைக்குள்ளேயே சந்தேகத்தைக் கிளப்பிவிடுகிறார். சின்னையா பிள்ளையாக வரும் பி.டி. சம்பந்தம் வாயைத் திறந்தாலே சிரிப்பு வருகிறது, ஆனாலும் அந்த ஆளை நம்ப முடியவில்லை. அம்புஜம் பகுதி கொஞ்சம் இழுவை.

இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. நான் பார்த்த பிரதியில் சத்தம் கரகர, ஓரத்தில் யாரோ ஒட்டிய லோகோ வேறு. ஹெட்ஃபோன் போட்டுக்கொண்டு பாருங்கள், இல்லாவிட்டால் அந்தக் காலத்து வேகமான பேச்சு பிடிபடாது. பாலர் பள்ளிப் பிள்ளைகளுக்கு ஒத்துவராது, உயர்நிலைப் பள்ளியில் வரலாறு படிக்கிற பிள்ளை வீட்டில் இருந்தால் கட்டாயம் கூட உட்கார வையுங்கள். தொடர்ந்து பாலசந்தரைப் பார்க்க ஆசை வந்தால் 'பொம்மை' (1964) இருக்கிறது, பொம்மைக்குள் வெடிகுண்டு. அதில் பாட்டு உண்டு, இவ்வளவு இறுக்கம் கிடையாது.