ப்ளகின் திறக்காத நாளில் ரீப்பர்: ஒரு மதிப்புரை

புதிய கணினியில் எல்லாவற்றையும் நிறுவி முடித்து, பாதியில் நின்றிருந்த ஒரு பாடலின் மிக்ஸிங்கைத் தொடரலாம் என்று ரீப்பர் என்ற ஒலிப்பதிவு மென்பொருளைத் திறந்தபோது, குரல் ட்ராக்கில் போட்டிருந்த ரிவெர்ப் ப்ளகின் (குரலுக்கு அறையின் எதிரொலியைச் சேர்க்கும் துணை மென்பொருள்) கிடைக்கவில்லை என்ற அறிவிப்பு வந்தது. மூன்று இரவுகள் உட்கார்ந்து அமைத்த அளவுகள் போய்விட்டனவோ என்று பதறினேன். ஆனால், ப்ளகின் இல்லாதபோதும் அதன் அமைப்புகளை ரீப்பர் ப்ராஜெக்ட் கோப்பிலேயே காத்து வைக்கிறது. இந்த ஒன்றுக்காகவே அதற்கு நான் கடமைப்பட்டிருக்கிறேன்.

முதலில் ப்ளகின் கோப்பு இருக்கும் ஃபோல்டரைச் சந்தேகித்தேன். இவ்வகை ப்ளகின்களின் கோப்பு வடிவத்துக்கு விஎஸ்டி என்று பெயர்; விஎஸ்டி2 பழையது, விஎஸ்டி3 புதியது. விண்டோஸில் விஎஸ்டி3 கோப்புகளுக்கென காமன் ஃபைல்ஸுக்குள் நிலையான இடம் உண்டு. விஎஸ்டி2 கோப்புகளுக்கு அப்படி ஓர் ஒழுங்கு இல்லாததால், அவை இருக்கும் ஃபோல்டரை ரீப்பரின் அமைப்புகளில் நாமே சேர்க்க வேண்டியிருக்கும். என் கோப்போ சரியான இடத்திலேயே இருந்தது. அந்த ப்ளகினுக்குத் தேவையான மைக்ரோசாஃப்டின் விஷுவல் சி++ ரன்டைம் (ப்ளகின் ஓடுவதற்குத் துணையான கோப்புத் தொகுப்பு) புதிய கணினியில் இல்லை என்பதும், ப்ளகினை விற்ற நிறுவனம் அதை எங்குமே குறிப்பிடவில்லை என்பதும் வெகுநேரம் கழித்தே தெரிந்தன. ரன்டைமை நிறுவிய பிறகும் பெயர் பட்டியலில் வரவில்லை. தோற்றுப்போன ப்ளகின் என்று ரீப்பர் முன்பே குறித்து வைத்திருந்த பதிவை அழித்துவிட்டு முழுவதையும் மறுபடி தேடச் சொல்லும் கட்டளையைக் கொடுத்ததும் வந்துவிட்டது. அளவுகள் அத்தனையும் வைத்தது வைத்தபடி இருந்தன.

திறக்கும்போதே மென்பொருளை முடக்கிவிடும் ப்ளகின்களுக்கும் இதில் வழி இருக்கிறது. ப்ராஜெக்டைத் திறக்கும் பெட்டியில் மீட்பு முறையைத் தேர்ந்தெடுத்தால், ப்ளகின்கள் எல்லாம் ஆஃப்லைனாகவே, அதாவது இயங்காத நிலையிலேயே, திறக்கும். பிறகு ஒவ்வொன்றாக இயக்கிப் பார்த்துக் குற்றவாளியைப் பிடிக்கலாம். பிடிபட்டதை ரீப்பரிலிருந்து பிரிந்த தனிச் செயல்முறையில் ஓடவிட்டால், அது விழுந்தாலும் ரீப்பர் விழாது. பழைய 32 பிட் ப்ளகின்களையும் இப்படியே இயக்க முடிகிறது.

குறை என்று சொன்னால், ப்ளகின் கிடைக்கவில்லை என்று அறிவிக்கும் ரீப்பர் அதன் காரணத்தையும் ஒரு வரியில் சொல்லியிருக்கலாம். புதிதாக வருபவர் அங்கேயே தவித்து நின்றுவிடுவார். 60 நாள் முழு வசதிகளோடு சோதித்துப் பார்க்கலாம். சொந்தப் பயன்பாட்டுக்கான உரிமம் 60 டாலர். வாங்கும் முன், உங்களிடமுள்ள மிகப் பழைய ப்ளகின்களை அந்த 60 நாளுக்குள் ஏற்றிப் பாருங்கள்.