‘நான் இங்கிரிட்’ இறுவட்டு: வாழ்க்கை நிறைய, நடிப்புக் குறைய

லண்டனிலிருந்து விடுமுறைக்கு வந்த மச்சாள் கொண்டுவந்து தந்த இந்த இறுவட்டைக் கல்லடியில் எங்கள் வீட்டுக் கருவி ஏற்க மறுத்துவிட்டது. எந்த நாட்டுக் கருவியில் ஓடும் என்பதற்கு இறுவட்டுகளுக்கு வலய எண் உண்டு. ஐரோப்பிய இறுவட்டுகள் 2ஆம் வலயத்துக்குரியவை, இலங்கையோ 5ஆம் வலயம் என்பதை அங்கிருந்து வரவழைப்பவர்கள் முன்னரே அறிந்திருப்பது நல்லது. மடிக்கணினியில் வலயத்தை மாற்றிப் பார்க்கலாம். ஆனால் அதற்கு ஐந்து தடவைகள்தான் இடமுண்டு. அவற்றில் ஒன்றை இங்கிரிட் பேர்க்மனுக்காகச் செலவழித்தேன்.

1915 ஆகஸ்ட் 29ஆம் திகதி ஸ்டொக்ஹோமில் பிறந்து, 1982இல் அதே திகதியில் லண்டனில் மறைந்த இந்த நடிகையின் கதையை, அவர் எழுதிய நாட்குறிப்புகள், கடிதங்கள், அவரே பிடித்த வீட்டுப் படச்சுருள்கள் ஆகியவற்றைக் கொண்டு ஸ்டிக் பியோர்க்மன் 2015இல் இந்த ஆவணப்படமாக்கினார். எழுத்துகளை வாசிக்கும் அலிசியா விகாண்டரும் சுவீடன் நாட்டவரே. தமிழில் எழுத்தோட்டம் இல்லாததால், வீட்டாருக்கு நான்தான் மொழிபெயர்ப்பாளன்.

இங்கிரிட்டின் தகப்பன் புகைப்படக் கடை வைத்திருந்தவர். மூன்று வயது நிரம்புமுன் தாயை இழந்த குழந்தை, தாயின் கல்லறையில் பூ வைப்பதை அவர் படம் பிடித்து வைத்திருக்கிறார். அவரும் மகளின் பதின்மூன்றாவது வயதில் இறந்துபோனார். கமராவுக்கு முன் நிற்பதும் அதைக் கையில் எடுப்பதும் இங்கிரிட்டுக்கு ஏன் மூச்சு விடுவதுபோல் இயல்பாயின என்பதை, எவருடைய விளக்கமும் இல்லாமல் அந்தப் பழைய சுருள்களே உணர்த்திவிடுகின்றன. 1978 சூறாவளியில் கூரையோடு அல்பங்களையும் பறிகொடுத்த வீடு எங்களுடையது. நூறு வருடத்துச் சுருள் கெடாமல் ஓடுவதைக் கண்டபோது, உண்மையைச் சொன்னால், பொறாமையாகத்தான் இருந்தது.

1939இல் ஹொலிவூட்டுக்குப் போனபோது பெயரையும் புருவத்தையும் மாற்றச் சொன்னதற்கு அவர் இணங்கவில்லை. ‘கசபிளாங்கா’, முதல் ஒஸ்காரைக் கொடுத்த ‘கேஸ்லைட்’, ஹிட்ச்கொக்கின் ‘நொடோரியஸ்’ என்று பத்து வருடத்துக்குள் உச்சிக்கு வந்தவர், இத்தாலிய இயக்குநர் ரொபேர்ட்டோ ரொசெலினியுடன் பணியாற்ற 1949இல் புறப்பட்டு, கணவரையும் மகளையும் அமெரிக்காவில் விட்டு, அவர்மீது கொண்ட காதலால் இத்தாலியிலேயே தங்கிவிட்டார். 1950இல் அமெரிக்க செனட் சபையிலேயே ஓர் உறுப்பினர் எழுந்து அவரைத் தூற்றினார். ‘அனஸ்டேசியா’வுக்காக இரண்டாவது ஒஸ்கார் கிடைத்தபோது அமெரிக்கா மனம் மாறியிருந்தது, மூன்றாவது 1974ஆம் ஆண்டுப் படமொன்றின் துணைப் பாத்திரத்துக்கு.

படம் வலுப்பெறுவது பிள்ளைகள் பேசும் இடங்களில்தான். இத்தாலியில் பிறந்த மூவரும் அம்மாவைச் சிரித்துச் சிரித்து நினைவுகூருகிறார்கள். பத்து வயதில் தகப்பனுடன் அமெரிக்காவில் விடப்பட்ட மூத்த மகள் பியாவின் பேச்சிலோ அன்போடு ஓர் ஏக்கமும் கலந்திருக்கிறது. குவைத்தில் ஒன்பது வருடம் வீட்டு வேலை செய்துவிட்டு வந்த எங்கள் பெரியம்மா, அதுவரை பாக்குச் சீவிக்கொண்டு அரைக்கண்ணால் பார்த்திருந்தவர், பாக்குவெட்டியைக் கீழே வைத்துவிட்டு, “அந்தப் பிள்ளைக்கு யாரு தலை இழுத்துவிட்ட?” என்று கேட்டார். என்னிடம் பதில் இல்லை.

என் குறை வேறொன்று. நடிகையின் வாழ்க்கைக்கு இவ்வளவு இடம் கொடுத்த படம், நடிப்பை ஓரத்தில் உட்கார வைத்துவிட்டது. தன் பாத்திரம் யாரைக் காதலிப்பது என்பதே திரைக்கதையில் முடிவாகாத நிலையில் ‘கசபிளாங்கா’வை அவர் எப்படி நடித்து முடித்தார் என்பதை மட்டும் அரைமணி நேரம் பேசலாம். சுவீடன் இயக்குநர் இங்மார் பேர்க்மன் இயக்கிய, 1978இல் வெளிவந்த ‘இலையுதிர்கால சொனாட்டா’வுக்குக் (Autumn Sonata) கொடுத்த நேரமும் எனக்குப் போதவில்லை. பிள்ளைகளை விட்டுவிட்டு மேடை மேடையாகச் சுற்றிய பியானோக் கலைஞராக, புற்றுநோயோடு போராடிய காலத்தில் அவர் நடித்த படம் அது. மகள் தட்டுத் தடுமாறி ஷோப்பானின் சிறு இசைக்கோவை ஒன்றை வாசிக்க, தாய் அருகிலிருந்து கேட்கும் காட்சி ஒன்றுண்டு. பிள்ளை மீதான இரக்கமும் பிசகும் சுரங்களைப் பொறுக்க முடியாத கலைஞரின் அவஸ்தையும் மாறி மாறி அந்த முகத்தில் வந்து போகும். இந்த இறுவட்டை வாங்குபவர்கள் அதையும் தேடி எடுத்து, முதலில் அதைப் பார்த்துவிட்டு இதற்கு வரவேண்டும். நான் மாற்றிப் பார்த்துவிட்டேன்.